பயம் பற்றிய புத்தகங்கள்: எங்கே தொடங்குவது, எப்படிப் படிப்பது

எங்கள் கிளை நூலகத்தில் வாசகர் வட்டம் முடிந்து எல்லோரும் செருப்பை மாட்டிக்கொண்டிருந்த நேரம். புதிதாக வந்திருந்த ஒரு பெண் பக்கத்தில் வந்து தணிந்த குரலில் கேட்டார்: "சார், பயத்தைப் பத்தி ஏதாவது புத்தகம் இருக்கா? பேய்க்கதை வேணாம். நிஜ பயம்."

சுயமுன்னேற்ற அலமாரியைக் காட்டினேன். எந்த நூலகத்திலும் அந்த அலமாரி ஒரே மாதிரிதான் இருக்கும். அட்டையில் மலையுச்சியில் கையை விரித்து நிற்கும் ஒரு ஆள், இல்லாவிட்டால் ஒரு சிங்கம். இரண்டு மூன்றை எடுத்துப் புரட்டினார். "இவங்க யாரும் பயந்த மாதிரியே தெரியலையே சார்" என்று சொல்லித் திரும்ப வைத்துவிட்டுப் போய்விட்டார்.

அன்று அவருக்குக் கொடுக்க என்னிடம் எதுவும் இல்லை. பிறகு தேடித் தேடிப் படித்ததில் ஒரு வரிசை பிடிபட்டது. அதைத்தான் இங்கே படிப்படியாகச் சொல்கிறேன். எல்லாப் புத்தகமும் எல்லோருக்கும் ஒத்துவராது. ஆனால் எங்கே காலை வைப்பது என்று தெரியாமல் நிற்கிறவருக்கு இது போதும்.

படி 1: எதைக் கண்டு பயம் என்று முதலில் பிரியுங்கள்

"பயம்" என்று பொத்தாம்பொதுவாகத் தேடினால் திகில் நாவலும் தியானப் புத்தகமும் ஒன்றாக வந்து விழும். பிரிப்பதற்கு நம்மிடம் பழைய கருவி ஒன்று இருக்கிறது. தொல்காப்பியத்தில் மெய்ப்பாட்டியல் எட்டு உணர்வுகளைச் சொல்கிறது. அதில் ஒன்று அச்சம். அந்த அச்சம் பிறக்கும் இடங்கள் நான்கு: அணங்கு, விலங்கு, கள்வர், தம் இறை. கண்ணுக்குத் தெரியாதது, பல் உள்ளது, நம்மிடமிருந்து பறிக்க வருவது, நமக்கு மேலே அதிகாரத்தில் இருப்பது என்று இன்றைய பேச்சில் சொல்லலாம். இந்த நான்கும் "பிணங்கல் சாலா", அதாவது மறுத்துப் பேச இடமில்லாதவை என்றும் சேர்த்துச் சொல்கிறார். எனக்கு அதில் ஒரு சின்னப் பிணக்கு உண்டு. ஐந்தாவதாக ஒன்றை விட்டுவிட்டார் என்று நினைக்கிறேன். அது படி 5-ல் வரும்.

ஒரு தாளை எடுத்து நாலு கட்டம் போட்டு, உங்களை ராத்திரியில் எழுப்பும் விஷயம் எந்தக் கட்டத்தில் விழுகிறது என்று பாருங்கள். நோய் என்றால் அணங்கு. வேலை போய்விடுமோ, மேலதிகாரி கூப்பிடுகிறாரே என்பதெல்லாம் இறை. இரண்டு கட்டத்தில் விழுந்தாலும் பரவாயில்லை. விழுந்த கட்டத்தைச் சுழித்து வையுங்கள். அந்தக் கட்டத்துப் புத்தகத்தை இப்போதைக்குத் தொடாதீர்கள்.

ஏன் என்றால், சொந்தப் பயத்தைப் பற்றிய புத்தகத்தை முதலில் எடுக்கிறவர் புத்தகத்தைப் படிப்பதில்லை, தன்னைத்தான் சோதித்துக்கொண்டிருப்பார். புற்றுநோய் பயத்தோடு இருப்பவர் புற்றுநோய் நினைவுக்குறிப்பை எடுத்தால் பக்கத்துக்குப் பக்கம் கழுத்தைத் தடவிப் பார்த்துக்கொள்வார். வாசகர் வட்டத்தில் இதை நேரிலேயே பார்த்திருக்கிறேன்.

படி 2: சிறுத்தையில் தொடங்குங்கள்

பெரும்பாலோருக்கு நான் முதலில் கொடுப்பது ஜிம் கார்பெட் எழுதிய ருத்ரபிரயாக் சிறுத்தைப் புத்தகம். நகரத்தில் இருக்கும் யாருக்கும் அது சொந்தப் பயம் இல்லை. பயத்துக்கு உருவமும் வாலும் இருக்கிறது. ஆரம்பமும் முடிவும் இருக்கிறது. பழகுவதற்கு இதைவிட நல்ல இடம் கிடையாது.

கேதார்நாத், பத்ரிநாத் போகும் யாத்திரை வழியில் 1918 முதல் 1926 வரை எட்டு வருஷம் ஒரு சிறுத்தை மனிதர்களைத் தூக்கியது. அரசுக் கணக்கில் 125 பேர். வேட்டைக்கதை என்று நினைத்து எடுப்பவர்கள் துப்பாக்கி வெடிக்கும் பக்கங்களை நோக்கி ஓடுவார்கள். நீங்கள் ஓடாதீர்கள். ஆரம்பத்தில் அந்த ஊர்க்காரர்களின் பயத்தைப் பற்றியே ஒரு அத்தியாயம் இருக்கிறது. அங்கே நில்லுங்கள்.

பகலில் எல்லாம் வழக்கம்போல நடக்கிறது. ஆண்கள் சந்தைக்குப் போகிறார்கள், பெண்கள் மலையில் புல்லறுக்கிறார்கள், பிள்ளைகள் பள்ளிக்கூடம் போகிறார்கள். வெயில் சாயச் சாய நடையின் வேகம் மாறுகிறது. புல்லுக்கட்டோடு பெண்கள் சரிவில் தடுமாறி இறங்குகிறார்கள். வழியில் விளையாடி நிற்கும் பிள்ளையைத் தாய் கூப்பிடும் குரல் கேட்கிறது. இருட்டியதும் அந்தப் பிரதேசத்தில் ஒரு சத்தம் இல்லை. எந்த அரசாங்கம் போட்ட ஊரடங்கும் இந்தச் சிறுத்தை போட்ட ஊரடங்கு அளவுக்கு மதிக்கப்பட்டதில்லை என்கிறார் கார்பெட்.

அங்கேதான் அந்த ஹூக்காக் கதையும் வரும். இருட்டறையில் இரண்டு நண்பர்கள் உட்கார்ந்து ஒரே ஹூக்காவை மாற்றி மாற்றி இழுக்கிறார்கள். ஒருவர் கையிலிருந்து அது நழுவி, கங்கு தரையில் சிதறுகிறது. மற்றவர் அவருடைய கவனக்குறைவைச் சொல்லிக் குனிகிறார். குனிந்த கண்ணுக்கு வாசலும் வெளியே நிலா வெளிச்சமும் தெரிகிறது. அந்த வெளிச்சத்தில் நண்பரைக் கவ்விக்கொண்டு சிறுத்தை போய்க்கொண்டிருக்கிறது. மூச்சு விடும் சத்தம்கூடக் கேட்கவில்லை என்று உயிர் தப்பியவர் சொன்னாராம்.

இதைப் படித்துவிட்டு மூடி வைத்து ஒரு டீ குடியுங்கள்.

படி 3: பென்சிலை எடுங்கள், ஒன்றை மட்டும் குறியுங்கள்

இந்த வழிகாட்டியில் எனக்கு முக்கியமான படி இதுதான். இது எந்தப் புத்தகத்துக்கும் பொருந்தும்.

பயத்தைப் பற்றிய வாக்கியங்களுக்கு அடிக்கோடு போடாதீர்கள். இதயம் படபடத்தது, உடல் நடுங்கியது என்பதெல்லாம் எல்லாப் புத்தகத்திலும் ஒன்றுதான். பயந்தவரின் கை என்ன செய்தது என்பதைக் குறியுங்கள். எந்த நேரத்தில் கதவைச் சாத்தினார், அடுப்பை எப்போது அணைத்தார், யாரைக் கூப்பிட்டார், எதைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு படுத்தார். பயத்தோடு வாழ்வது என்பது இந்தச் சின்னச் சின்ன ஏற்பாடுகள்தான் என்பது பத்திருபது குறிப்புகள் சேர்ந்தபின் தானாகத் தெரியும். கார்பெட் கடைசியில் சிறுத்தையைச் சுட்டது ஒரு மாமரத்தில் காத்திருந்து. கீழே ஒரு ஆடு, அதன் கழுத்தில் ஒரு மணி. இருட்டில் அவருக்குக் கண் அந்த மணிதான். என் நோட்டின் முதல் பக்கத்தில் இருப்பது "ஆட்டு மணி" என்ற இரண்டு சொற்கள்.

நோட்டு என்றால் பள்ளிப்பிள்ளைகளின் நாற்பது பக்க நோட்டு போதும். கைபேசியில் எழுத வேண்டாம். பயம் பற்றிய குறிப்பு எழுத எடுத்த கைபேசி, பயம் தரும் செய்திக்குத்தான் கூட்டிப் போகும்.

படி 4: மற்ற மூன்று கட்டங்களுக்கான புத்தகத் தட்டுகள்

கண்ணுக்குத் தெரியாததற்கு டேனியல் டீஃபோவின் கொள்ளைநோய் ஆண்டு நாட்குறிப்பு. 1722-ல் வந்தது. 1665-ல் லண்டனைப் பிடித்த பிளேக்கைப் பற்றியது. அப்போது டீஃபோவுக்கு ஐந்து வயது போல. அதனால் இது அவருடைய சொந்த நாட்குறிப்பு கிடையாது. குதிரைச் சேணம் விற்கும் ஒரு வியாபாரி சொல்வதுபோல, வாராவாரம் வெளியான சாவுக் கணக்குகளையும் சேர்த்து எழுதியது. அத்தியாயப் பிரிவே இல்லாமல் ஒரே ஓட்டமாகப் போகும், பொறுமை வேண்டும். ஆனால் படி 3-ன் பென்சிலுக்கு இதைப்போல் விருந்து வேறு இல்லை. இறைச்சிக் கடைக்காரர் காசைக் கையால் தொடமாட்டார். கடையில் வினிகர் நிறைந்த சட்டி ஒன்று இருக்கும், வாங்குகிறவர் அதில் போட வேண்டும். மீதிச் சில்லறை வாங்காமல் இருப்பதற்காகவே ஜனங்கள் எந்தத் தொகைக்கும் சரியாகக் கொடுக்கும்படி சில்லறை வைத்துக்கொண்டு கடைக்குப் போனார்கள். 2020-ல் பால் பாக்கெட்டை சோப்புத் தண்ணீரில் கழுவியவர்களுக்கு இந்த இடத்தில் லேசாகச் சிரிப்பு வரும். வரட்டும்.

தமிழில் இந்தத் தட்டுக்குப் புதுமைப்பித்தனின் 'காஞ்சனை' ஒன்றே போதும். ஒரு எழுத்தாளர் வீட்டில் அவர் மனைவி, பிச்சைக்கு வந்த பெண்ணை வேலைக்கு வைத்துக்கொள்கிறாள். ராத்திரியில் வாசனைகள் வருகின்றன. பேயா பிரமையா என்று கடைசிவரை யாரும் வந்து தீர்ப்புச் சொல்வதில்லை. பயத்தில் பாதி, தெரியாமல் இருப்பதன் வேதனை என்பதைச் சில பக்கங்களில் காட்டிவிடும். முதல்முறை பகலில் படியுங்கள். (நான் ராத்திரி பதினொன்றுக்குப் படித்தேன். கொல்லைப்புறத்துக்குப் போக வேண்டியிருந்தும் போகவில்லை.)

கள்வர் தட்டைச் சீக்கிரம் கடக்கலாம். கேவின் டி பெக்கர் 1997-ல் எழுதிய 'தி கிஃப்ட் ஆஃப் ஃபியர்' இந்த வகையில் பெயர் பெற்றது. உடம்பு தரும் எச்சரிக்கையை மரியாதைக்காக அடக்கிவிடாதீர்கள், குறிப்பாகப் பெண்கள் அடக்கிவிடாதீர்கள் என்பது அதன் சாரம். அஞ்ச வேண்டியதற்கு அஞ்சாமல் இருப்பது பேதைமை என்று 428-வது குறளும் இதைச் சொல்லிவிட்டது. அட்டையில் சிங்கம் போட்ட புத்தகங்கள் வசதியாக மறந்துவிடும் குறள் அது. டி பெக்கர் அமெரிக்க உதாரணங்களாக அடுக்கிக்கொண்டே போவார். முதல் நூறு பக்கம் போதும்.

இறைத் தட்டு கனமானது. இங்கே அவசரப்படாதீர்கள், ஒன்றுக்கும் அடுத்ததற்கும் நடுவே இரண்டு வாரமாவது விடுங்கள்.

ஆன் ஃபிராங்கின் நாட்குறிப்பைப் பள்ளிப் பருவத்தில் படித்திருந்தாலும் பென்சிலோடு மறுபடி படியுங்கள். 1942 ஜூலையிலிருந்து 1944 ஆகஸ்ட் வரை ஆம்ஸ்டர்டாமில் ஒரு அலுவலகக் கட்டடத்தின் பின்பகுதியில் நாஜிகளுக்குப் பயந்து எட்டு யூதர்கள் ஒளிந்திருந்தார்கள். கீழே கிடங்கில் வேலை செய்பவர்களுக்கு இவர்கள் இருப்பது தெரியாது. அதனால் வேலை நேரத்தில் கழிப்பறையில் தண்ணீர் விடக்கூடாது, குழாயைத் திறக்கக்கூடாது. 1944 ஏப்ரலில் கட்டடத்தில் திருடர்கள் புகுந்த ராத்திரி, போலீஸ் வந்து மறைவிடத்தை மறைத்திருந்த புத்தக அலமாரியை ஆட்டிப் பார்க்கிறது. எட்டுப் பேரும் பேச்சு மூச்சில்லாமல் கிடக்கிறார்கள். கழிப்பறைக்குப் போகவும் வழியில்லை, குப்பைக் கூடையைத்தான் பயன்படுத்துகிறார்கள். இந்த ஒரு விவரத்துக்கு முன்னால் "அவர்கள் பெரும் அச்சத்தில் இருந்தார்கள்" என்ற வாக்கியம் எவ்வளவு சப்பையாக இருக்கிறது பாருங்கள். கலக்கத்துக்கு ஆன் தினமும் வலேரியன் என்ற மூலிகை மருந்து எடுத்துக்கொண்டிருந்தாள். அதைவிட மனம்விட்டு ஒரு சிரிப்புச் சிரித்தால் நன்றாக இருக்கும், ஆனால் சிரிப்பது எப்படி என்றே மறந்துபோச்சு என்ற பொருளில் எழுதுகிறாள். அப்போது அவளுக்கு வயது 14.

தமிழில் அசோகமித்திரனின் '18வது அட்சக்கோடு'. இந்தியாவோடு சேருமா சேராதா என்று தெரியாத 1947-48 ஹைதராபாத். நிஜாம் ஆட்சிக்காக ஆயுதம் ஏந்திய ரஜாக்கர்கள் தெருவில் திரிகிறார்கள். சந்திரசேகரன் கிரிக்கெட் ஆடுகிறான், கல்லூரிக்குப் போகிறான், பயம் அவன் கூடவே சாதாரணமாக நடந்து வருகிறது. பயத்தை உரக்கச் சொல்லாமல் எழுதுவது எப்படி என்று யாராவது கேட்டால் இதைத்தான் காட்டுவேன். கடைசிப் பக்கங்களில் பயம் யாருடையது என்பதே புரண்டுவிடும். அதை நான் சொல்லக்கூடாது.

ச. பாலமுருகனின் 'சோளகர் தொட்டி' 2004-ல் வந்தது. வீரப்பன் தேடுதல் வேட்டையின்போது சத்தியமங்கலம் பக்கத்து மலையில் சோளகர் என்ற பழங்குடி மக்கள் பட்ட பாடு. புதியவர்கள் செய்யும் தவறு, முன்பாதி மெதுவாகப் போகிறது என்று தாண்டிவிடுவது. தேனும் ராகியும் கொத்தல்லி என்ற ஊர்த் தலைவரும் ஊர்க் கூட்டமுமாக அந்த வாழ்க்கையை முதலில் தெரிந்துகொள்ளாமல் பின்பாதிக்குப் போனால் அது செய்தித்தாளாகிவிடும். இதைப் படுக்கையில் படிக்காதீர்கள். பின்பாதியை ஒரே மூச்சிலும் படிக்காதீர்கள்.

பெருமாள்முருகனின் 'பூக்குழி'யை எந்தத் தட்டில் வைப்பது என்று எங்கள் வட்டத்தில் ஒரு மாலை முழுக்கச் சண்டை. காதலித்துக் கட்டிக்கொண்ட பெண்ணோடு ஊர் திரும்புகிறான் குமரேசன். அவள் என்ன சாதி என்று ஊர் கேட்டுக்கொண்டே இருக்கிறது. ஊர்தான் இங்கே இறை என்றார் ஒருவர். பறிக்க வருவது உயிர், ஆகவே கள்வர் என்றார் இன்னொருவர். இரண்டு தட்டிலும் ஒவ்வொரு பிரதி வைத்தோம்.

'முறிந்த பனை'யைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள். யாழ்ப்பாணப் பல்கலைக்கழக ஆசிரியர்கள் நால்வர், தங்களைச் சுற்றி நடந்த போரை எல்லாத் தரப்பையும் விமர்சித்து எழுதியது. நால்வரில் ஒருவரான ராஜினி திராணகம, உடற்கூற்றியல் துறைத் தலைவர், 1989 செப்டம்பர் 21 அன்று யாழ்ப்பாணத்தில் சுட்டுக் கொல்லப்பட்டார். பயத்தைப் பற்றி எழுதியது என்பதைவிட, பயத்துக்கு நடுவே உட்கார்ந்து எழுதியது என்று இதைச் சொல்ல வேண்டும். தகவல் நிறைய. ஒரு நாளைக்குப் பத்துப் பக்கம் போதும்.

படி 5: தொல்காப்பியர் விட்ட ஐந்தாவது

எனக்கு 42 வயதில் ஒரு ராத்திரி இரண்டு மணிக்கு இதயம் தறிகெட்டு அடித்தது. சாகப் போகிறேன் என்று நிச்சயமாகத் தெரிந்தது. ஆட்டோவில் மருத்துவமனை. ஈசிஜி சுத்தம். "ஒண்ணுமில்ல சார், கேஸா இருக்கும், போய்ட்டு வாங்க" என்றார் பணியில் இருந்த இளம் மருத்துவர். அடுத்த வாரம் மறுபடி. அதற்கடுத்து இரண்டு மணி ஆகிவிடுமோ என்ற பயத்திலேயே பத்து மணிக்குப் படபடப்பு. பேயும் இல்லை, புலியும் இல்லை, திருடனும் இல்லை. என் உடம்பைக் கண்டே எனக்குப் பயம்.

இந்தத் தட்டில் மூன்று பேர். முதலில் டார்வின், வெறும் ஒரு பக்கத்துக்காக. உணர்ச்சிகளின் வெளிப்பாடு பற்றி 1872-ல் எழுதிய நூலில் ஒரு நிகழ்ச்சி. லண்டன் விலங்குக் காட்சிசாலையில் பஃப் ஆடர் என்ற விரியன் பாம்பின் கண்ணாடிக் கூண்டில் முகத்தை வைத்துக்கொண்டு, அது கொத்தினாலும் அசையமாட்டேன் என்று உறுதி எடுக்கிறார். தடித்த கண்ணாடி, ஆபத்தே இல்லை. பாம்பு கொத்துகிறது. டார்வின் ஓரிரு கஜம் பின்னால் பாய்ந்துவிட்டார். அவர் எடுத்த உறுதி எதற்கும் உதவவில்லை. எனக்கு இது பெரிய ஆறுதல். டார்வினுக்கே முடியவில்லை.

அது ஏன் என்று தெரிய வேண்டுமானால் நரம்பியலாளர் ஜோசப் லெடூ 1996-ல் எழுதிய 'தி எமோஷனல் பிரெய்ன்'. ஒரு சத்தத்தோடு லேசான மின்னதிர்ச்சி பெற்ற எலி, பிறகு சத்தம் மட்டும் கேட்டாலும் உறைந்து நிற்கும். மூளையில் அமிக்டலா என்ற பாதாம்பருப்பு வடிவப் பகுதிக்கு இதில் பெரிய பங்கு. ஆனால் அமிக்டலாதான் பயத்தின் இருப்பிடம் என்று எங்காவது படித்தால் நம்பிவிடாதீர்கள். அது ஆபத்துக்கு உடம்பைத் தயார்செய்யும் சுற்று, நாம் உணரும் பயம் வேறு என்று லெடூவே பிற்பாடு விளக்கமாக எழுதினார்.

மூன்றாவது ஆள்தான் என்னைத் தூங்க வைத்தவர். கிளேர் வீக்ஸ், ஆஸ்திரேலிய மருத்துவர். மருத்துவத்துக்கு முன் பல்லி, ஓணான் இனங்களை ஆராய்ந்த விலங்கியலாளர். இளவயதில் காசநோய் என்று தவறாகச் சொல்லப்பட்டு, அந்தக் கலக்கத்தில் படபடப்பு பிடித்துக்கொண்டது. முதல் உலகப் போருக்குப் போய்வந்த நண்பர் ஒருவர், போர்முனையில் எங்களுக்கும் இப்படித்தான் அடித்தது, பயத்தைக் கண்டு நீ பயப்படுகிறாய் என்றாராம். அந்த வார்த்தையிலிருந்துதான் 1962-ல் வந்த 'செல்ஃப் ஹெல்ப் ஃபார் யுவர் நெர்வ்ஸ்' பிறந்தது. முதல் பயம் தானாக வரும் மின்னல். "ஐயோ வந்துவிட்டதே" என்று அதன்மேல் நாம் ஏற்றும் இரண்டாவது பயம்தான் ஆளை அடிக்கிறது என்கிறார். அவர் சொல்லும் வழி நான்கு சொல்: எதிர்கொள், ஏற்றுக்கொள், மித, காலம் கொடு. எனக்குக் கஷ்டமாக இருந்தது மூன்றாவது. கிணற்றில் நீச்சல் பழகியவர்களுக்குப் புரியும், கையைக் காலை உதறினால்தான் முழுகுவோம்.

இதுவும் அலமாரியில் சிங்க அட்டைகளுக்குப் பக்கத்தில்தான் இருக்கும். ஆனால் எழுதியவர் பயந்தவர் என்பது முதல் பத்துப் பக்கத்திலேயே தெரிந்துவிடும். சுயமுன்னேற்றப் புத்தகம் எதையும் வாங்குமுன் இந்த ஒரு சோதனையைச் செய்யுங்கள்.

படி 6: எங்கே நிறுத்துவது

தூக்கம் தொடர்ந்து கெட்டுப்போனாலோ, வீட்டைவிட்டு வெளியே போக முடியவில்லை என்றாலோ, உயிர்மேல் வெறுப்பு வந்தாலோ புத்தகத்தை மூடிவிட்டு மருத்துவரைப் பாருங்கள். இந்தியாவில் 14416 என்ற எண்ணில் அரசின் டெலி மானஸ் மனநல உதவி கட்டணமில்லாமல் கிடைக்கிறது, தமிழிலும் பேசலாம். நெஞ்சு படபடப்புக்கும் முதலில் ஒரு ஈசிஜி எடுத்துவிட்டுத்தான் வீக்ஸைத் திறக்க வேண்டும். அவரும் அதையேதான் சொல்லுவார்.

படி 7: நோட்டில் உங்கள் வீட்டுக்கு ஒரு பக்கம்

நாலைந்து புத்தகம் முடிந்ததும் படி 1-ல் சுழித்து வைத்த கட்டத்துக்கு வாருங்கள். இப்போது அந்தப் புத்தகத்தை எடுக்கலாம். கூடவே நோட்டில் கடைசிப் பக்கத்தை வீட்டாருக்கு ஒதுக்குங்கள். பயந்தபோது அவர்கள் கை என்ன செய்தது?

என் பக்கத்தில் இருப்பது இது. அப்பா போனபின் அம்மா எட்டு வருஷம் அந்த வீட்டில் தனியாக இருந்தாள். தினமும் சாயங்காலம் விளக்கேற்றியதும் அப்பாவின் செருப்பை எடுத்து வாசலில் போடுவாள். காலையில் உள்ளே எடுத்து வைப்பாள். சில நாள் ஜோடியாக, சில நாள் ஒன்று கவிழ்ந்து, சில நாள் வெளியே பார்த்தபடி. வார் அறுந்திருந்தது என்று நான் ஒருமுறை புதுசு வாங்கிப் போனேன். வேண்டாம் என்றாள். "புதுசு அப்படியே கெடந்தா யாரும் போட்டு நடக்கலைன்னு தெரிஞ்சிரும்டா" என்றாள். மறுநாள் பழைய செருப்போடு தெருமுனைக்குப் போய், வாரைத் தைத்துக்கொண்டு வந்தாள்.